லீக் இல்லாத தேசத்தின் ஃபார்வர்ட்

1. பொழுது விடிந்தால் விமானம்

1985 ஆகஸ்ட். மறுநாள் இத்தாலிக்குக் கிளம்ப வேண்டும். 17 பெண்கள் தூங்காமல் உட்கார்ந்து துணி தைத்துக்கொண்டிருந்தார்கள்.

பெண்கள் கால்பந்துக்கென்று அமெரிக்கா முதன்முதலாக அமைத்த தேசிய அணி அது. சம்மேளனம் எடுத்துக்கொடுத்த சீருடைகள் ஆண்களுக்காகத் தைத்தவை. தோள் முழங்கை வரை இறங்கியது, கால்சட்டை முழங்காலைத் தாண்டியது. எனவே வெட்டு, மடி, தை. மார்பில் யு.எஸ்.ஏ. என்ற எழுத்துகளை இஸ்திரிப் பெட்டியால் ஒட்டு. சேர்ந்து பயிற்சி செய்யக் கிடைத்தது மூன்றே நாள். தினப்படி 10 டாலர். பயிற்சியாளர் மைக் ரயன், டப்ளினில் பிறந்து சியாட்டிலில் குடியேறிய ஐரிஷ்காரர். அவர் கையில் கிடைத்ததை வைத்து ஓர் அணியைக் கட்டினார்.

அந்தப் பதினேழு பேரில் உயரமாகத் தெரிந்தவர் மிஷெல் ஏக்கர்ஸ். 19 வயது. 5 அடி 10 அங்குலம். அடங்காத சுருள்முடி. கலிஃபோர்னியாவின் சான்டா கிளாராவில் பிறந்து, சியாட்டில் பக்கம் வளர்ந்தவர். சின்ன வயதில் அவருடைய லட்சியம் இந்தக் கால்பந்தே கிடையாது. பிட்ஸ்பர்க் ஸ்டீலர்ஸ் அணிக்காக அமெரிக்கன் ஃபுட்பால் ஆட வேண்டும், பாய்ந்து பந்தைப் பிடிக்க வேண்டும். அது பெண்பிள்ளைகளுக்கான ஆட்டமில்லை என்று சொல்லிவிட்டார்கள். முரட்டு ஆட்டம் ஆடத் துடித்த குழந்தை, கிடைத்த ஆட்டத்தை முரட்டுத்தனமாக ஆடத் தொடங்கியது. இவருடைய வரலாற்றைப் படிக்கும்போதெல்லாம் எனக்குத் தோன்றுவது இதுதான்: ஸ்டீலர்ஸ் கனவு கலையவே இல்லை, மைதானம் மட்டும் மாறியது. பிற்காலத்தில் அவர் உடம்பில் ஏறிய ஒவ்வொரு தையலுக்கும் அந்தக் கனவு கொஞ்சம் பொறுப்பு.

பள்ளி முடித்ததும் நாட்டின் மறுகோடிக்குப் போனார். ஃபுளோரிடா மாநிலம் ஆர்லாண்டோவில் உள்ள மத்திய ஃபுளோரிடா பல்கலைக்கழகம். கால்பந்து ஆட உதவித்தொகை. இப்படி ஒன்று சாத்தியமானதற்குப் பின்னால் ஒரு சட்டம் இருக்கிறது. 1972 ஜூன் 23 அன்று அதிபர் நிக்ஸன் கையெழுத்திட்ட கல்விச் சட்டத் திருத்தத்தின் ஒன்பதாம் பிரிவு. மத்திய அரசின் பணம் வாங்கும் எந்தக் கல்வி நிலையமும் ஆண் பெண் பேதம் பார்க்கக்கூடாது என்று அது சொன்னது. விளையாட்டு பற்றிப் பெரிதாக எதுவும் சொல்லவில்லை. ஆனாலும் கல்லூரிகள் பெண்களுக்கு அணி அமைத்தே ஆக வேண்டிய கட்டாயம் வந்தது. பத்தே வருடத்தில், 1982ல், கல்லூரிப் பெண்களுக்கான தேசியக் கால்பந்துப் போட்டி தொடங்கிவிட்டது. அதன் முதல் இறுதி ஆட்டத்தில் வட கரோலினாவிடம் தோற்றது வேறு யாருமில்லை, இதே மத்திய ஃபுளோரிடாதான். ஏக்கர்ஸ் போய்ச் சேர்ந்தது அதற்கு இரண்டு வருடம் கழித்து.

சட்டம் கல்லூரி வாசல் வரைக்கும் கொண்டுவந்து விட்டது. படிப்பு முடிந்து அந்த வாசலை விட்டு வெளியே வந்தால் என்ன இருக்கும் என்று யாரும் யோசிக்கவில்லை. 1984 சீஸனோடு ஆண்களுக்கான வட அமெரிக்க லீக்கே இழுத்து மூடப்பட்டிருந்த நேரம் அது. ஆண்களுக்கே கடை இல்லாத ஊரில் பெண்களுக்கு எங்கே வேலை?

சரி, ஜெசோலோவுக்குப் போவோம். ஆட்ரியாட்டிக் கடலோர ஊர். ஆகஸ்ட் 18, முதல் ஆட்டம், எதிரில் இத்தாலி. அதற்கு முந்தைய பயிற்சியில் ஏக்கர்ஸின் கணுக்கால் பிசகிவிட்டது. கட்டுப்போட்ட காலோடு ஓரத்தில் உட்கார்ந்து தன் நாட்டின் முதல் சர்வதேச ஆட்டத்தை வேடிக்கை பார்த்தார். 0-1. தோல்வி.

மூன்று நாள் கழித்து டென்மார்க். கணுக்கால் முழுக்கக் குணமாகவில்லை. இறங்கினார். அடித்தார். அமெரிக்கப் பெண்கள் தேசிய அணியின் முதல் கோல் என்று பதிவேட்டில் இருப்பது அதுதான். ஆட்டம் 2-2. அடுத்து இங்கிலாந்திடம் 1-3, மறுபடி டென்மார்க்கிடம் 0-1. ஒரு வெற்றிகூட இல்லாமல் திரும்பினார்கள். நாட்டில் யாருக்கும் தெரியாது. ஏக்கர்ஸ் பெட்டியைத் தூக்கிக்கொண்டு வகுப்புக்குப் போய்விட்டார்.

உலகக் கோப்பை என்ற ஒன்று பெண்களுக்கு அப்போது இல்லை. அதைக் கேட்கவும் ஆளில்லை.

அடுத்த வருடம், 1986 மே மாதம். மெக்ஸிகோ நகரத்தில் ஃபிஃபாவின் மாநாடு. மேடை நிறைய, அரங்கு நிறைய ஆண்கள். கூட்டத்தின் நடுவிலிருந்து உயரம் குறைந்த ஒரு பெண்மணி எழுந்தார். யாரும் எதிர்பார்க்காத விதமாக மைக்கை நோக்கி நடக்க ஆரம்பித்தார்.

(தொடரும்)

2. எண்பது நிமிடக் கோப்பை

அவர் பெயர் எலன் வில்லே. நார்வே கால்பந்து சங்கத்தின் பிரதிநிதி. ஃபிஃபாவின் ஆண்டறிக்கையில் பெண்கள் கால்பந்துக்கு அரைப் பக்கம்தான் ஒதுக்கியிருந்தார்கள். அதைச் சுட்டிக்காட்டி வில்லே கேட்டார்: பெண்களுக்கு உலகக் கோப்பை எப்போது? ஒலிம்பிக்கில் இடம் எப்போது? அந்த மேடையில் அதுவரை ஒரு பெண் பேசியதில்லை. தலைவர் ஹாவலாஞ்சுக்கு மறுக்க வழியில்லை. ஆகட்டும் என்றார்.

இந்தத் தொடரில் நார்வே அடிக்கடி வரும். ஏக்கர்ஸின் வாழ்க்கையில் ஒவ்வொரு திருப்பத்திலும் வழிமறித்து நின்றவர்கள் நார்வேக்காரிகள். அவர் ஆடிய கோப்பையையே கேட்டு வாங்கிக்கொடுத்ததும் ஒரு நார்வேக்காரிதான். வேடிக்கையான கடன்.

ஃபிஃபா உடனே கோப்பையைக் கொடுத்துவிடவில்லை. 1988ல் சீனாவின் குவாங்டோங் மாகாணத்தில் 12 நாடுகளை அழைத்து ஒரு வெள்ளோட்டம் பார்த்தது. கூட்டம் வருமா, ஆட்டம் தேறுமா? இரண்டும் தேறின. அமெரிக்கா காலிறுதியில் 0-1 என்று வெளியேறியது. தோற்கடித்தது நார்வே. கோப்பையையும் அவர்களே எடுத்துக்கொண்டார்கள்.

இதற்குள் அமெரிக்க அணியின் பொறுப்பு, வட கரோலினாப் பல்கலைக்கழகத்தின் ஆன்சன் டாரன்ஸ் கைக்கு வந்திருந்தது. கல்லூரிக் கால்பந்தில் அவர் வைத்ததுதான் சட்டம். 15 வயது மியா ஹாமைத் தேசிய அணியில் இறக்கியவர் அவர். முன்வரிசைக்கு அவர் தேர்ந்தெடுத்த மூவர்: கேப்டன் ஏப்ரல் ஹைன்ரிக்ஸ், காரின் ஜென்னிங்ஸ், நடுவில் ஏக்கர்ஸ்.

1988ல் ஏக்கர்ஸின் கல்லூரி ஆட்டம் முடிந்தது. நான்கு முறை அகில அமெரிக்க அணியில் இடம். நாட்டின் சிறந்த கல்லூரி ஆட்டக்காரருக்கான ஹெர்மன் டிராஃபியைப் பெண்களுக்கும் கொடுப்பதென்று அந்த வருடம்தான் முடிவு செய்தார்கள். முதலில் வாங்கியவர் ஏக்கர்ஸ். கையில் டிராஃபி, எதிரே வெறும் வெளி. சம்பளம் கொடுக்க ஒரு கிளப் நாட்டில் இல்லை.

அதனால் 1990ல் ஸ்வீடன் போனார். ஸ்டாக்ஹோம் புறநகரில் டைரசோ கிளப். அங்கே பெண்களுக்கு முறையான லீக் இருந்தது, வாராவாரம் ஆட்டம் இருந்தது. கல்லூரியில் கிடைத்தது மூன்று மாத சீஸன். ஸ்வீடனில் கிடைத்தது தொழில். முரட்டு டிஃபென்டர்கள் முதுகில் ஏறும்போது பந்தை விடாமல் காக்கவும், அரை நொடியில் திரும்பி அடிக்கவும் அந்த லீக் கற்றுக்கொடுத்தது. 1992லும் 1994லும் மறுபடி அங்கே போய் ஆடினார்.

1991 ஏப்ரல். உலகக் கோப்பைக்கான தகுதிப் போட்டி, ஹெய்ட்டியின் போர்ட்டோ பிரின்ஸ் நகரில். ஐந்து ஆட்டம். அமெரிக்கா அடித்தது 49. வாங்கியது பூஜ்யம்.

நவம்பரில் சீனா. ஃபிஃபாவுக்கு இன்னும் தயக்கம் போகவில்லை. உலகக் கோப்பை என்ற பெயரைக் கொடுக்க மனம் வராமல், மிட்டாய் கம்பெனியின் பெயரை ஒட்டி, எம் அண்ட் எம்ஸ் கோப்பைக்கான உலகச் சாம்பியன்ஷிப் என்று அழைத்தது. 90 நிமிடம் ஓடினால் பெண்கள் தாங்குவார்களா என்ற கவலையில் ஆட்டத்தை 80 நிமிடமாகக் குறைத்தது. இந்தக் கவலையை யோசித்தவர் ஏக்கர்ஸ் ஆடி ஒருமுறைகூடப் பார்த்திருக்க மாட்டார்.

ஸ்வீடனை 3-2. பிரேசிலை 5-0. ஜப்பானை 3-0. ஃபோஷானில் நடந்த காலிறுதியில் சீன தைபே மீது 7-0. அந்த ஏழில் ஐந்து ஏக்கர்ஸ் அடித்தது. அரையிறுதியில் ஜெர்மனியை 5-2 என்று கவிழ்த்தபோது ஜென்னிங்ஸ் ஹாட்ரிக். சீனப் பத்திரிகைகள் இந்த முன்வரிசைக்கு மும்முனை வாள் என்று பெயர் வைத்துவிட்டன.

நவம்பர் 30. குவாங்சோவின் டியன்ஹே ஸ்டேடியம். 63,000 பேர். பார்வையாளர் மாடத்தில் பெலே. எதிரணி? சொல்லவும் வேண்டுமா, நார்வே.

20வது நிமிடம். ஃப்ரீ கிக் காற்றில் மிதந்து வந்தது. ஏக்கர்ஸ் மற்றவர்களுக்கு மேலே எழும்பித் தலையால் அடித்தார். 1-0. ஒன்பதே நிமிடத்தில் லிண்டா மெடாலன் சமன் செய்தார். அதன் பிறகு நார்வேயின் கை ஓங்கியது. நீளமாக உயர்த்தி அடித்த பந்துகள், இரண்டாவது பந்துக்கு மோதல், மறுபடி உயர்ந்த பந்து. அமெரிக்கர்களின் கால்கள் கனத்தன. எக்ஸ்ட்ரா டைம் போனால் யார் தாங்குவார்கள் என்று பார்த்தவர்களுக்குப் புரிந்தது.

78வது நிமிடம். இன்னும் இரண்டே நிமிடம். அமெரிக்கப் பாதியிலிருந்து ஒரு நீண்ட பந்து. நார்வே டிஃபென்டர் டினா ஸ்வென்சன் அதை எட்டிவிட்டார். முதுகுக்குப் பின்னால் காலடி ஓசை. ஆபத்தில்லாத வழியைத் தேர்ந்தெடுத்தார்: கோல்கீப்பர் ரெய்டுன் செத்துக்கு ஒரு பேக் பாஸ்.

பந்தில் வேகம் போதவில்லை.

(தொடரும்)

3. ஏழாவது நிமிடம்

காலடி ஓசை ஏக்கர்ஸினுடையது. ஸ்வென்சனுக்கும் செத்துக்கும் நடுவில் பாய்ந்து பந்தைக் கவர்ந்தார். செத் விழுந்து தடுக்கப் பார்த்தார், ஏக்கர்ஸ் அவரைச் சுற்றிக்கொண்டு போய்விட்டார். எதிரே காலி வலை. ஓங்கி அடிக்கவில்லை. ஓர் அடி கூடுதலாக ஓடி, நிதானித்து, தட்டிவிட்டார். 2-1.

ஆறு ஆட்டங்களில் 10 கோல். தங்கக் காலணி அவருக்கு. அந்த ஒரு வருடத்தில் நாட்டுக்காக ஆடிய 26 ஆட்டங்களில் 39 கோல்.

அமெரிக்கா உலகச் சாம்பியன். ஆண்களோ பெண்களோ, அந்த நாட்டுக்குக் கால்பந்தில் கிடைத்த முதல் உலகப் பட்டம். விமான நிலையத்தில் வரவேற்கக் கூட்டம் எதுவுமில்லை. உறவினர்கள், நண்பர்கள், வழக்கம்போல் சூட்கேஸ். அம்ப்ரோ கம்பெனி அவரோடு விளம்பர ஒப்பந்தம் போட்டது. கால்பந்துச் சாமான் செய்யும் கம்பெனி ஒன்று பெண் ஆட்டக்காரருக்குப் பணம் கொடுத்துக் கையெழுத்து வாங்கியது அதுவே முதல்முறை. கோப்பைக்குப் பிறகு நாடு முழுக்கச் சுற்றினார். பள்ளிகள், முகாம்கள், கடைத் திறப்புகள், பேட்டிகள். ஆடுவது பாதி வேலை, இந்த ஆட்டத்தை விற்பது மீதி வேலை. ஒரு லீக் இருந்திருந்தால் இந்த இரண்டாவது வேலையை அதன் அலுவலகம் பார்த்திருக்கும். இல்லாததால் சென்டர் ஃபார்வர்டே விற்பனைப் பிரதிநிதியும் ஆனார்.

1993 ஜூலை. டெக்ஸாஸ் மாநிலம் சான் அன்டோனியோ. கொளுத்தும் வெயில். ஒலிம்பிக் திருவிழா என்ற உள்நாட்டுப் போட்டியில் ஆடிக்கொண்டிருந்த ஏக்கர்ஸ் மைதானத்திலேயே சரிந்தார்.

வெயில் என்றார்கள். வைரஸ் என்றார்கள். ஓய்வெடுத்தால் சரியாகும் என்றார்கள். சரியாகவில்லை. தலையைப் பிளக்கும் ஒற்றைத் தலைவலி, தூங்கி எழுந்தாலும் தீராத களைப்பு, யோசனை மங்கல். 1994ல் பெயர் தெரிந்தது: நாள்பட்ட சோர்வு நோய். ரத்தப் பரிசோதனையில் பிடிபடாத வியாதி. ‘எல்லாம் மனப்பிரமை’ என்று டாக்டர்களே ஒதுக்கித் தள்ளிய காலம் அது. முயற்சி செய்தால் எதையும் ஜெயிக்கலாம் என்று நம்பி வாழ்ந்தவருக்கு, முயற்சி செய்யச் செய்ய மோசமாகும் நோய். கூடுதலாக ஓடினால் மறுநாள் படுக்கை. சாப்பாட்டை மாற்றினார், தூக்கத்தைக் கணக்குப் பார்த்தார், பயிற்சியை நறுக்கினார். இதே சமயத்தில் திருமண வாழ்க்கையும் முறிந்தது.

புதிய பயிற்சியாளர் டோனி டிசிக்கோ ஒரு காரியம் செய்தார். உலகத்திலேயே தலைசிறந்த கோல் அடிக்கும் ஆட்டக்காரரை முன்வரிசையிலிருந்து எடுத்து, நடுக்களத்தில் டிஃபென்டர்களுக்கு முன்னால் நிறுத்தினார். முன்னால் நின்றால் இரண்டு பேர் சேர்ந்து இடிப்பார்கள். பின்னால் நின்றால் எதிரில் நடப்பது எல்லாம் தெரியும், வெட்டி ஓட்டம் மிச்சம். ஃபார்வர்டுக்கு இது பதவி இறக்கம் போலத் தோன்றும். எனக்கென்னவோ ஏக்கர்ஸின் உண்மையான மேதைமை வெளிப்பட்டது இந்த இரண்டாம் பாதியில்தான். ஓட முடியாதபோதுதான் ஆட்டத்தை எவ்வளவு ஆழமாகப் படித்து வைத்திருந்தார் என்பது தெரிந்தது. தலையால் அவர் வென்ற பந்துகள்தான் அமெரிக்காவின் பாதுகாப்புச் சுவர். சிங்கப் பிடரி போன்ற முடியைப் பார்த்துச் சக ஆட்டக்காரிகள் முஃபாசா என்று கூப்பிட ஆரம்பித்ததும் பொருத்தம்தான்.

1995 ஜூன். ஸ்வீடனில் இரண்டாவது உலகக் கோப்பை. நோயை ஒரு வழியாகக் கட்டுக்குள் வைத்து, கெவ்லே நகரில் சீனாவுக்கு எதிராக முதல் ஆட்டத்தில் இறங்கினார். ஏழாவது நிமிடம். உயர்ந்த பந்துக்கு எழும்பினார், இன்னொரு தலை மோதியது. மயங்கி விழுந்தார். விழுந்ததில் முழங்காலும் போனது. இரண்டு வருடத் தயாரிப்பு, ஏழு நிமிடம்.

அரையிறுதிக்குத் திரும்பி வந்தார், அரை உடம்போடு. எதிரே நார்வே. பத்தாவது நிமிடத்தில் ஆன் கிரிஸ்டின் ஆரனெஸ் தலையால் அடித்த ஒரே கோல் போதுமானதாக இருந்தது. ஆட்டம் முடிந்ததும் நார்வேக்காரிகள் ஒருவர் கணுக்காலை ஒருவர் பிடித்துக்கொண்டு ரயில் வண்டி போல மைதானத்தில் முட்டிபோட்டு ஊர்ந்தார்கள். தோற்ற அணி நின்று பார்த்தது. அந்த ரயிலை அமெரிக்க அணியில் யாரும் மறக்கவில்லை.

அந்த வருடக் கடைசியில் வேறொரு யுத்தம், சொந்தச் சம்மேளனத்தோடு. அட்லாண்டா ஒலிம்பிக்கில் பெண்கள் கால்பந்து முதன்முறையாக இடம்பெறப் போகிறது. தங்கம் வென்றால் மட்டும் போனஸ் என்றது சம்மேளனம். ஒன்பது ஆட்டக்காரிகள் கையெழுத்திட மறுத்தார்கள். ஏக்கர்ஸ், ஹாம், ஃபவுடி, லில்லி என்று அணியின் முதுகெலும்பே அந்த ஒன்பது பேர்தான். சம்மேளனம் அவர்களைப் பயிற்சி முகாமுக்குள் விடவில்லை. கடைசியில் வெள்ளிக்கும் போனஸ் உண்டு என்று சமாதானமாயிற்று. 1985ல் பத்து டாலரை வாங்கிக்கொண்டு பேசாமல் போன தலைமுறை, இப்போது பேரம் பேசியது. அதையும் குறித்துக்கொள்ளுங்கள்.

1996 ஜூலை 28. ஜார்ஜியா மாநிலம் ஏதென்ஸ், சான்ஃபோர்ட் ஸ்டேடியம். ஒலிம்பிக் அரையிறுதி. மறுபடியும் நார்வே. 18வது நிமிடத்திலேயே மெடாலன் அடித்துவிட்டார். மணி ஓடுகிறது. அமெரிக்கா முட்டுகிறது, கதவு திறக்கவில்லை. 76வது நிமிடம், பெட்டிக்குள் நார்வே டிஃபென்டர் குரோ எஸ்பெசெத்தின் கையில் பந்து பட்டது. விசில்.

பெனால்டி. தவறவிட்டால் அநேகமாக எல்லாம் முடிந்தது. பந்தை எடுத்துக்கொண்டு புள்ளியை நோக்கி நடந்தவர், நிற்கவே தெம்பில்லாமல் ஆடிக்கொண்டிருந்த முஃபாசா.

(தொடரும்)

4. மருத்துவ அறைத் தொலைக்காட்சி

அடித்தார். வலைக்குள். 1-1.

கூடுதல் நேரத்தில் ஷானன் மெக்மிலன் மாற்று ஆட்டக்காரராக உள்ளே வந்தார். நான்கே நிமிடத்தில், 100வது நிமிடத்தில், ஆட்டத்தை அங்கேயே முடித்துவைக்கும் தங்க கோல். ரயிலுக்குப் பதில் சொல்லியாயிற்று. இறுதியில் சீனாவை 2-1 என்று வென்றபோது அதே ஸ்டேடியத்தில் 76 ஆயிரத்துக்கும் மேற்பட்டோர் இருந்தார்கள். வீட்டிலிருந்தவர்களுக்குத் தொலைக்காட்சி துண்டு துண்டாகத்தான் காட்டியது. வேறு பந்தயங்கள் இருந்தனவாம்.

அடுத்த மூன்று வருடத்தை வேகமாகக் கடக்கலாம். முழங்கால் அறுவை, தோள், மறுபடி நோய், மறுபடி மீட்பு. 1999ல் உலகக் கோப்பை அமெரிக்காவுக்கு வந்தது. ஏக்கர்ஸுக்கு 33 வயது. ஜெசோலோவுக்குக் கிளம்புமுன் தைத்த கூட்டத்தில் இன்னும் அணியில் மிச்சமிருந்தவர் இவர் ஒருவர்தான். ஜூலை 4ல் பிரேசிலுக்கு எதிரான அரையிறுதி. 80வது நிமிடம் பெனால்டி, அடித்தவர் இவர். 2-0.

ஜூலை 10. பாசடீனா, ரோஸ் பவுல். 90,185 பேர். அதிபர் கிளிண்டனும் வந்திருந்தார். நண்பகல் வெயில். எதிரில் சீனா, சுன் வென் தலைமையில். 90 நிமிடமும் ஏக்கர்ஸ் சுன் வென்னுக்கு இடம் கொடுக்கவில்லை. தலையால் வெட்டினார், காலால் மறித்தார், உடம்பை நடுவில் போட்டார். கடைசி நிமிடத்தில் சீனாவுக்கு ஒரு கார்னர். பந்தை முஷ்டியால் குத்தித் தள்ள கோல்கீப்பர் பிரையானா ஸ்கர்ரி பாய்ந்தார். அதே பந்துக்குத் தலை கொடுக்க ஏக்கர்ஸும் எழும்பினார். சொந்த கோல்கீப்பரின் கை அவர் தலையில் இறங்கியது.

எழுந்தபோது எங்கே இருக்கிறோம் என்று தெரியவில்லை. தாங்கிப் பிடித்து உள்ளே கொண்டுபோனார்கள். ட்ரிப்ஸ் ஏற்றினார்கள். சாரா வேலன் அவர் இடத்தில் இறங்கினார்.

அவர் இல்லாத அந்த அரை மணி நேரத்தில், கார்னர் வந்தால் யார் தலை கொடுப்பது என்ற கேள்விக்கு உடனடியாகப் பதில் தேவைப்பட்டது. 100வது நிமிடம், சீனாவுக்குக் கார்னர், ஃபான் யுன்ஜி தலையால் அடித்தார், ஸ்கர்ரியைத் தாண்டிவிட்டது. கோட்டில் நின்ற கிரிஸ்டின் லில்லி தலையால் தட்டி வெளியேற்றினார். அணியிலேயே உயரம் குறைந்தவர்களில் ஒருவர். நின்ற இடம் சரி, அவ்வளவுதான்.

120 நிமிடம் முடிந்தும் 0-0. பெனால்டி ஷூட் அவுட். அமெரிக்காவின் வழக்கமான பெனால்டிக்காரி மருத்துவ அறையில் படுத்தபடி தொலைக்காட்சியில் பார்த்துக்கொண்டிருந்தார். லியு யிங் அடித்ததை ஸ்கர்ரி இடப்பக்கம் பாய்ந்து தடுத்தார். கடைசி உதை பிராண்டி சேஸ்டெய்னுக்கு. அந்த வருடம் மார்ச்சில் இதே சீனாவுக்கு எதிராக வலது காலால் அடித்துக் குறுக்குக் கம்பியில் மோதவிட்டவர். இடது காலால் அடி என்று டிசிக்கோ சொல்லியிருந்தார். அடித்தார். 5-4. சட்டையைக் கழற்றி முழங்காலில் விழுந்த அந்தப் படம் உலகத்தின் எல்லாப் பத்திரிகைகளிலும் வந்தது.

பெண்கள் கால்பந்தின் கதையை அந்தப் படத்திலிருந்து தொடங்குகிறவர்கள் அதிகம். படத்தில் ஏக்கர்ஸ் இல்லை. சட்டகத்துக்கு வெளியே, சுவருக்கு அப்பால் கிடந்தார். பிறகுதான் நினைவு தெளிந்து, பிறர் தோளைப் பிடித்துக்கொண்டு, கொண்டாட்டத்துக்கு வெளியே வந்தார்.

அந்தக் கோடையின் ஆரவாரத்தைப் பார்த்து முதலீட்டாளர்கள் வந்தார்கள். டிஸ்கவரி தொலைக்காட்சி நிறுவனத்தைத் தொடங்கிய ஜான் ஹெண்ட்ரிக்ஸ் முன்னால் நின்றார். எட்டு அணிகள், மாதச் சம்பளம், தொலைக்காட்சி ஒளிபரப்பு. ஏக்கர்ஸ் 1988ல் தேடிய பொருள் கடைசியில் கடைக்கு வந்தது. அதற்குள் வாங்க வேண்டியவரின் தோள்பட்டை ஓய்ந்திருந்தது. 2000 ஆகஸ்டில், சிட்னி ஒலிம்பிக்குக்குச் சில வாரங்கள் முன்பு, ஓய்வை அறிவித்தார். 150க்கும் மேற்பட்ட ஆட்டம், 100க்கும் மேற்பட்ட கோல். அவரில்லாமல் சிட்னி போன அணி இறுதியில் 2-3 என்று தங்க கோலில் தோற்றது. யாரிடம் என்று நான் எழுத வேண்டியதில்லை.

டிசம்பரில் ரோம் நகரில் ஃபிஃபா நூற்றாண்டின் சிறந்த பெண் ஆட்டக்காரர் பட்டத்தை இருவருக்குப் பகிர்ந்து கொடுத்தது. இணைய வாக்கெடுப்பில் வென்றவர் சுன் வென். நடுவர் குழுவும் ஃபிஃபா பத்திரிகையின் வாசகர்களும் தேர்ந்தெடுத்தவர் ஏக்கர்ஸ்.

2001 ஏப்ரல் 14, வாஷிங்டன். புதிய லீக்கின் முதல் ஆட்டம். 34,148 பேர். பெட்டிக்குள் மியா ஹாமைச் சேஸ்டெய்ன் வீழ்த்த, பெனால்டியைப் பிரேசிலின் பிரெடின்யா அடித்தார். லீக்கின் முதல் கோல். அங்கே மைதானத்தில் ஓடிக்கொண்டிருந்த ஒவ்வொரு பெண்ணுக்கும் மாதம் பிறந்தால் சம்பளம் வரும்.

எத்தனை மாதத்துக்கு?

மூன்று சீஸன். சுமார் 10 கோடி டாலர் கரைந்தது. 2003 செப்டம்பர் 15 அன்று லீக்கை மூடுகிறோம் என்று அறிவித்தார்கள். சார்ஸ் நோயால் சீனாவிலிருந்து இடம் மாறி அமெரிக்காவுக்கே வந்திருந்த உலகக் கோப்பை தொடங்க ஐந்தே நாள் இருந்தது.

அதே நாட்களில், அந்தக் கோப்பையில் கனடாவுக்காக ஆட வேண்டுமென்று போர்ட்லாந்து பல்கலைக்கழகத்தில் ஒரு சீஸனை விட்டுக்கொடுத்து வந்திருந்தார் 20 வயதுப் பெண் ஒருவர். முந்தைய வருடம் தன் கல்லூரிக்குத் தங்க கோல் அடித்துத் தேசியப் பட்டம் வாங்கிக்கொடுத்தவர். கல்லூரி முடிய இன்னும் இரண்டு வருடம். முடிந்தால் போக, ஏக்கர்ஸ் காலம் போலவே, லீக் இல்லை. ஆனால் சர்வதேசக் கால்பந்தில் ஆணோ பெண்ணோ வேறு யாரும் தொடாத ஓர் எண்ணை அவர் எட்டப் போகிறார்.

கிறிஸ்டின் சின்க்ளேர் அந்த இடைவெளியைத் தாண்டியது எப்படி? அடுத்த வாரம்.

(தொடரும்)